கொடுத்த தண்ணீர்

லோஸ் ஓல்மோஸ்
1997 மார்ச் 4

மாநில நீர் அலுவலகத்தின் மூத்த வழக்கறிஞர் அவர்களுக்கு,

வணக்கம். எங்கள் மேல் வாய்க்கால் சங்கத்துக்குத் தாங்கள் அனுப்பிய அறிவிப்பு நேற்றுக் கிடைத்தது. 1989 முதல் 1992 வரை தொடர்ந்து நான்கு வருடம் நாங்கள் ஆற்றுத் தண்ணீரைப் பயன்படுத்தவில்லையாம். அதனால் 1794-இலிருந்து எங்களுக்கு இருந்துவரும் உரிமை ரத்தாகுமாம். மறுப்பு இருந்தால் செப்டம்பர் விசாரணைக்குச் சான்றோடு வர வேண்டுமாம். அடியில் எஃப்ராயின் அபேய்த்தா என்று கையெழுத்து. அந்தக் கையெழுத்து எனக்கு நன்றாகவே தெரியும். கடைசி எழுத்தின் வாலை மேலே இழுத்துவிடாதே என்று சின்ன வயதிலிருந்து சொல்லியும் நீங்கள் திருந்தவில்லை.

தாங்கள், நீங்கள் என்று எழுத இனிமேல் என் கை வராது. தம்பி, அந்த நாலு வருடம் என்ன நடந்தது என்று உனக்குத் தெரியாதா? ஜூன் மாதம் ஆறு இளைத்ததும், மேல் வாய்க்கால் தலைவரும் கீழ் வாய்க்கால் தலைவரும் பாலத்தில் சந்தித்துப் பேசுவார்கள். நம்முடையது மேலே, மூத்தது, முதல் தண்ணீர் நமக்குத்தான். கீழே இருக்கிற மான்சனாரில் ஆப்பிள் தோட்டங்கள். மாட்டுக்குப் போடும் நம் குதிரைமசால் காய்ந்தாலும் அடுத்த மழைக்கு வேரிலிருந்து துளிர்க்கும். ஆப்பிள் மரம் பட்டால் பத்து வருடம் போய்விடும். அதனால் நாம் மதகை அடைத்து அவர்களுக்கு விட்டோம். நாற்பத்தொரு குடும்பம் பழுப்பு வயலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. அதற்குப் பெயர் பயன்படுத்தாததா?

போன ஞாயிறு சங்கக் கூட்டத்தில் என்னைத் தலைவியாகத் தேர்ந்தெடுத்தார்கள். பழைய தலைவர் போலிகார்ப்பியோ குளிர்காலத்தில் இறந்த பிறகு அந்த இடம் காலியாக இருந்தது. நான் தலைவியாகி மறுநாள் வந்த முதல் தபால் உன்னுடையது. அதைப் படித்துக் காட்டியதும் அவர் மனைவி எமெரென்சியானா கேட்டாள்: "ஏன்டி ஒட்டிலியா, இருபத்தாறு வருஷமா அவன் பங்குத் தூரையும் நாமதானே வாரிக்கிட்டிருக்கோம். சட்டம் படிச்சு எங்கயாவது நல்லா இருக்கட்டும்னுதானே வுட்டோம். நம்ம மதகுக்கே வந்து பூட்டுப் போடவா?"

அந்தக் கேள்வியை அப்படியே உனக்கு அனுப்புகிறேன். உன்னிடம் பதில் இருந்தால் எழுது. தொலைபேசியில் கூப்பிடாதே, வைத்துவிடுவேன்.

ஒட்டிலியா


தலைநகர்
1997 மார்ச் 12

அக்காவுக்கு,

இரண்டு முறை கூப்பிட்டேன், இரண்டு முறையும் வைத்துவிட்டாய். சொன்னபடி செய்கிறவள் என்பது தெரிந்ததுதான்.

அந்தப் பட்டியலில் முந்நூற்றுப் பன்னிரண்டு வாய்க்கால்கள் இருந்தன. நூற்றெழுபதாவது வரியில் நம் வாய்க்கால். பேனாவை வைத்துவிட்டு இரண்டு நாள் சும்மா இருந்தேன். நம் ஊரை மட்டும் பட்டியலிலிருந்து அடித்துவிட்டு மற்றவர்களுக்குக் கையெழுத்துப் போட்டால் அது என்ன நியாயம் என்று தோன்றியது. மூன்றாம் நாள் எல்லாவற்றுக்கும் சேர்த்துப் போட்டுவிட்டேன். அதை நேர்மை என்று நினைத்துக்கொண்டேன். இப்போது யோசித்தால், நேர்மையானவன் அந்தப் பட்டியலைத் தொட்டிருக்கவே கூடாது. உறவு இருக்கிற இடத்தில் ஒதுங்கி நில் என்பது எங்கள் தொழிலில் முதல் நாள் சொல்வது. என் மேலாளர் திருமதி விட்லாக்கிடம் நாளைக்கு இதைச் சொல்லப் போகிறேன்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். எப்படிச் சொல்வது என்று தெரியாமல் மூன்று தாள் கிழித்தாயிற்று. காய்ந்த வயல்களை விமானத்திலிருந்து எடுத்த வான்படத்தை மட்டும் வைத்து அலுவலகம் இந்த முடிவுக்கு வரவில்லை. இத்துடன் ஒரு நகல் இருக்கிறது. உட்கார்ந்து பார்.

எமெரென்சியானாவிடம் சொல்: அவர் கேட்டது சரியான கேள்வி.

எஃப்ராயின்


லோஸ் ஓல்மோஸ்
1997 ஏப்ரல் 27

தம்பி எஃப்ராயினுக்கு,

ஆறு வாரம் எழுதவில்லை. கோபத்தில் என்று நினைத்திருப்பாய். வெட்கத்தில்.

நகலைப் பார்த்தேன். 1995 அக்டோபர், மாநில அலுவலகத்தின் கணக்கெடுப்புப் படிவம். "இந்த ஆண்டில் உங்கள் வாய்க்கால் நீரைப் பாசனத்துக்குப் பயன்படுத்தியதா?" 1989 முதல் 1992 வரை நாலு வருடத்துக்கு நாலு கட்டம். நாலிலும் "இல்லை". அச்சு மாதிரி கையெழுத்து, கரும்பலகையில் எழுதி எழுதிப் பழகிய என் கை. அப்போது நான் சங்கத்தின் செயலாளர்.

அந்த மதியம் நன்றாக ஞாபகம் இருக்கிறது. போலிகார்ப்பியோ பக்கத்தில் உட்கார்ந்து பீன்ஸ் உரித்துக்கொண்டிருந்தார். இதற்கு என்ன எழுத என்று கேட்டேன். "இல்லன்னு எழுதுங்க டீச்சர். அது மான்சனார்க்காரங்களுக்குப் போன தண்ணி. குடுத்துட்டு, நாங்களும் பாய்ச்சினோம்னு எழுதினா அசிங்கமா இருக்காது?" என்றார். எனக்கும் அது சரியாகப் பட்டது. கொடுத்ததை நம்முடையதாகச் சொல்லிக்கொள்வது இந்த ஊரில் எவரும் செய்கிற காரியம் இல்லை. கேள்விக்கு உண்மையாகப் பதில் எழுதிவிட்டோம் என்று இரண்டு பேரும் திருப்தியாகக் காப்பி குடித்தோம்.

போன ஞாயிறு நாற்பத்தொரு குடும்பத்தையும் கூட்டி, உரிமையை அடித்தது என் தம்பியின் கை மட்டும் இல்லை, என் கையும்தான் என்று சொன்னேன். தலைவி பதவியையும் விட்டுவிடுவதாகச் சொன்னேன். பின்பக்கத்திலிருந்து ஃபாவியோ, நான் மூன்று தடவை கணக்கில் ஃபெயில் போட்டவன், எழுந்தான். "டீச்சர், எனக்கு மூணு சான்ஸ் குடுத்தீங்க. உங்களுக்கு ஒண்ணு குடுக்கறோம்" என்றான். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்துதான் அழுதேன், நன்றியில்.

ஒரே ஒரு சந்தேகம், நீ படித்தவன், சொல். வகுப்பில் ஒரு பெண், பென்சில் இல்லாத பக்கத்துப் பெண்ணுக்குத் தன் பென்சிலைக் கொடுக்கிறாள். தான் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். நான் அவளைப் பார்த்து, "நீ இந்தப் பாடவேளையில் எழுதவில்லை, ஆகவே பென்சில் உன்னுடையது இல்லை" என்று சொன்னால், அந்த வகுப்பில் அடுத்த நாள் எவளாவது எவளுக்காவது பென்சில் கொடுப்பாளா?

உன்மேல் இருந்த கோபத்தில் பாதி போய்விட்டது. மீதியை வைத்திருக்கிறேன்.

ஒட்டிலியா


தலைநகர்
1997 மே 6

அக்கா,

மீதிக் கோபத்தைச் செலவழிக்க ஒரு விஷயம் தருகிறேன். "பாசனத்துக்குப் பயன்படுத்தியதா?" என்ற அந்தக் கேள்வியை எழுதியது நான். 1994-இல் அந்தப் படிவத்தைத் தயாரித்த குழுவுக்கு நான்தான் தலைவன். பயன்படுத்தினாயா இல்லையா என்று கேட்டேன். கொடுத்தாயா என்று கேட்க வேண்டும் என எனக்குத் தோன்றவே இல்லை. பாலத்தின் மேல் அப்பாவுக்குப் பக்கத்தில் நின்று அந்தப் பேச்சையெல்லாம் கேட்டு வளர்ந்தவன் நான். அப்படியும் தோன்றவில்லை. நீ தவறான பதில் எழுதவில்லை. நான் தவறாகக் கேட்டேன்.

திருமதி விட்லாக்கிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் முடிவு இதுதான்: நம் வாய்க்கால் விசாரணையில் எனக்கு எந்த இடமும் இல்லை, கோப்பைத் தொடக்கூட முடியாது. பதிலாக, வறட்சியில் கொடுத்த தண்ணீரை என்ன செய்வது என்று எல்லா ஊருக்கும் பொதுவாக ஒரு விதியை எழுதிப் பார் என்றார். நம் வாய்க்காலை நேரடியாகத் தொடுகிற எதையும் தானே பார்த்துக்கொள்வதாகவும் சொன்னார். வரைவின் முதல் பக்கத்தில் உன் பென்சிலை வைத்தேன். கேட்காமல் எடுத்ததற்கு மன்னித்துக்கொள். அவர் படித்துவிட்டு, "இதை எழுதினது யாரு?" என்றார். எங்கள் ஊர்க் கணக்கு டீச்சர் என்றேன். "இருபது வருஷமா இந்த ஆபீஸ்ல எனக்கே புரியற மாதிரி ஒருத்தரும் எழுதினதில்ல. அவங்களுக்கு வேலை வேணுமான்னு கேளுங்க" என்றார்.

முந்நூற்றுப் பன்னிரண்டு வாய்க்கால்களுக்கும் ஒரே கேள்வியோடு ஒரு சுற்றறிக்கை அனுப்பியிருக்கிறேன். வறண்ட வருடங்களில் யாருக்காவது தண்ணீர் விட்டீர்களா, விட்டதற்கு ஏதாவது அடையாளம் மிச்சம் இருக்கிறதா? உங்களுக்கும் ஒரு பிரதி வரும். மற்றவர்களுக்குச் சொல்லாத எதையும் உனக்குச் சொல்ல முடியாது. சொல்லவும் மாட்டேன்.

உண்மையை ஊர் முன்னால் சொன்னாயே, அதற்கு நன்றி. நீ சொல்லியிராவிட்டால் எனக்கும் இங்கே சொல்லத் தைரியம் வந்திருக்காது.

எஃப்ராயின்


லோஸ் ஓல்மோஸ்
1997 ஜூன் 22

தம்பி,

சுற்றறிக்கை வந்தது. அடையாளம் என்று எதைக் காட்ட? போலிகார்ப்பியோ ஒரு வரிகூட எழுதி வைக்கவில்லை. வீட்டை எமெரென்சியானாவோடு சேர்ந்து கவிழ்த்துப் பார்த்தாயிற்று. கிடைத்தது மூன்று மண்வெட்டிக் காம்பும் ஒரு பல்செட்டும்.

செவ்வாய்க்கிழமை பாலத்தில் மான்சனாரின் தலைவர் செலெதோனைப் பார்க்கப் போனேன். உனக்கு ஞாபகம் இருக்கும், தொப்பியைக் கழற்றாமலே தூங்குகிற மனிதர். என்னைப் பார்த்ததும், "வாங்க டீச்சர். மேல் வாய்க்கால் உயிரோட இருக்கா, அரசாங்கம் காரியம் பண்ணிடுச்சா?" என்றார். நாங்கள் தண்ணீர் விட்ட நாட்களை எங்கேயாவது எழுதி வைத்திருக்கிறாரா என்று கேட்டேன். முகம் மாறிவிட்டது. "குடுத்த நீங்களே எழுதல. நான் எழுதி வச்சா, நாளைக்கு இல்லன்னு சாதிப்பேனோன்னு பயந்த மாதிரி ஆகாதா?" என்றார். நான் சோர்ந்து திரும்பினேன். பத்தடி போனதும் பின்னாலிருந்து குரல் வந்தது. "எழுதல டீச்சர். ஆனா பூசை வச்சோமே."

இரண்டு ஊருக்கும் பொதுவான மாதா கோவிலில், ஒவ்வொரு செப்டம்பர் கடைசி ஞாயிறும், ஆப்பிள் பறித்து முடித்த பிறகு மான்சனார்க்காரர்கள் ஒரு பூசை ஒப்புக்கொடுப்பார்கள். நம் வீட்டுக்கு வரும் ஒரு கூடை ஆப்பிளைத்தான் நாம் கவனித்தோம். பூசையின் காரணத்தைப் பாதிரியார் பதிவேட்டில் எழுதுவார் என்று எனக்குத் தோன்றியதே இல்லை. ஃபாதர் லியாந்த்ரோ பதிவேட்டைத் திறந்தார். 1989: "ஜூன் 24 முதல் முப்பத்தொரு நாள் மேல் வாய்க்காலார் தங்கள் பங்கிலிருந்து விட்ட தண்ணீருக்காக, மான்சனார் ஊராரின் நன்றிப் பூசை." அடுத்த வருடம் நாற்பது நாள். அடுத்தது முப்பத்தெட்டு. அடுத்தது ஐம்பத்திரண்டு. "தங்கள் பங்கிலிருந்து" என்று நாலு வருடமும் எழுதியிருக்கிறது.

நாம் கொடுத்ததை எங்கேயும் எழுதவில்லை. அவர்கள் வாங்கியதை எழுதி வைத்திருக்கிறார்கள். கோவில் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன்.

ஆனால் பதிவேடு மட்டும் போதாதாம். வாங்கியவர் வந்து ஆமாம் என்று சொல்ல வேண்டும் என்கிறார் எங்கள் வக்கீல். மான்சனார் வாய்க்கால் 1841-இல் வெட்டியது, ஆற்றில் நமக்கு அடுத்தபடி. நம் உரிமை போனால் முதல் தண்ணீர் அவர்களுடையது. அது அவர்களுக்குக் கிடைக்க, செலெதோன் வாயைத் திறக்காமல் இருந்தாலே போதும். ஊரைக் கேட்டுச் சொல்கிறேன் என்று போயிருக்கிறார்.

ஒட்டிலியா


தலைநகர்
1997 ஜூலை 2

அக்கா,

உன் கடிதத்தைத் திருமதி விட்லாக்கிடம் கொடுத்துவிட்டேன். அது வழக்கைப் பற்றிப் பேசுகிறது, நான் படித்திருக்கக் கூடாது. விசாரணை முடிகிற வரை எனக்கு வழக்கைப் பற்றி ஒரு வார்த்தையும் எழுதாதே. வெயில், மழை பற்றி எழுதலாம்.

எஃப்ராயின்


அஞ்சலட்டை
1997 ஆகஸ்ட் 10

வெயில். மழை இல்லை.

ஒட்டிலியா


லோஸ் ஓல்மோஸ்
1997 செப்டம்பர் 28

தம்பி,

விசாரணை முடிந்துவிட்டது, இனி எழுதலாம் என்று உங்கள் திருமதி விட்லாக்கே சொன்னார். கண்டிப்பான பெண்மணி. எனக்குப் பிடித்துப்போய்விட்டது.

வெள்ளிக்கிழமை காலையில் நாங்கள் நாற்பது பேர் மாவட்டக் கட்டடத்துக்குப் போய்ச் சேர்ந்தோம். மான்சனாரிலிருந்து யாரும் வரவில்லை. பத்து மணிக்கு ஆரம்பித்தார்கள். வான்படத்தைக் காட்டினார்கள். என் படிவத்தைக் காட்டினார்கள், பெரிதாக்கி. என் கையெழுத்து அவ்வளவு பெரிதாகப் பார்க்க அழகாகத்தான் இருந்தது. ஃபாதர் லியாந்த்ரோ பதிவேட்டைப் படித்தார். அரசுத் தரப்பு வக்கீல், சின்னப் பெண், மரியாதையாகத்தான் பேசினாள். பூசைப் பதிவேடு நன்றியைக் காட்டுகிறது, தண்ணீரைக் காட்டவில்லை என்றாள். அவள் சொன்னதிலும் நியாயம் இருந்தது. நான் கதவைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பதினோரு மணிக்குக் கதவு திறந்தது. செலெதோன் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். அவர் தலையில் முடி இல்லை என்று இருபது வருடம் கழித்து அன்றைக்குத்தான் தெரிந்தது. அவருக்குப் பின்னால் மான்சனார் முழுவதும். பறிப்புக் காலம், காலையில் பறித்து முடித்துவிட்டு வந்ததால் தாமதமாம். சட்டையில் இலை ஒட்டிக்கொண்டிருந்தது.

அந்தப் பெண் கேட்டாள்: "இவங்க உரிமை ரத்தானா உங்க ஊருக்குத்தான் முதல் தண்ணீர் கிடைக்கும். அது தெரிஞ்சுதான் பேசறீங்களா?"

"தெரியும்மா" என்றார் செலெதோன். "ஊர்ல ரெண்டு ராத்திரி அதைத்தான் பேசினோம். வேணாம்னு சொன்னவங்களும் உண்டு, பொய் சொல்ல மாட்டேன். அப்புறம் என் பொண்டாட்டி ஒண்ணு கேட்டா. அந்த நாலு வருஷம் நம்ம மரம் குடிச்சது யாரோட தண்ணின்னு கேட்டா. அதோட பேச்சு முடிஞ்சது. அவங்க மசால் காஞ்சது எங்க கண்ணு முன்னால. அது அவங்க தண்ணி இல்லன்னு இன்னிக்கு நான் சொன்னா, அடுத்த வறட்சில எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுப் பாலத்துல போய் நிப்பேன்?"

அந்தப் பெண் வேறு கேள்வி கேட்கவில்லை. உட்காரும் முன் எங்கள் பக்கம் பார்த்து லேசாகத் தலையசைத்தாள்.

வெளியே வந்ததும் நன்றி சொல்லப் போனேன். செலெதோன் தொப்பியைப் போட்டுக்கொண்டே, "விடுங்க டீச்சர். இந்த வருஷம் பூசைச் செலவு உங்களோடது" என்றார். இன்றைக்கு வைத்தோம். ஃபாதரிடம் காரணத்தைக் கொஞ்சம் விரிவாகவே எழுதச் சொன்னேன்.

தீர்ப்பு எப்படி வந்தாலும் வரட்டும். என்னிடம் இருந்த மீதிக் கோபமும் தீர்ந்துவிட்டது.

உன் அக்கா


தலைநகர்
1998 ஜனவரி 15

அன்புள்ள அக்கா,

தீர்ப்பு உனக்கு வந்து சேர்ந்திருக்கும். 1794 அப்படியே நிற்கிறது.

விதியும் நேற்று நிறைவேறியது. ஏழு வரிதான். சாரம் இது: வறட்சியில் ஒரு வாய்க்கால் தன் பங்குத் தண்ணீரை அயல் வாய்க்காலுக்கு விட்டால், விட்டவரே அதைப் பயன்படுத்தியதாகக் கொள்ள வேண்டும். உரிமை விட்டவரிடமே இருக்கும். சுற்றறிக்கைக்கு ஐம்பத்தேழு ஊர்கள் பதில் எழுதியிருந்தன. ஓரூரில் தண்ணீர் விட்டவர்களுக்கு நன்றியாக வருடா வருடம் ஓர் ஆட்டுக்குட்டி போயிருக்கிறது. இன்னோர் ஊரில் கல்யாண விருந்தில் முதல் மேசை மேல் வாய்க்காலாருக்கு. ஒரு கிழவர், "கொடுத்தோம். அடையாளம் இல்லை. அவர்களைக் கேளுங்கள்" என்று மட்டும் எழுதியிருந்தார். கேட்டோம். ஆமாம் என்றார்கள். இத்தனை வருடம் நாங்கள் யாரையும் கேட்கவே இல்லை, அக்கா.

எனக்கு வருவதாக இருந்த தலைமை வழக்கறிஞர் பதவி வேறொருவருக்குப் போய்விட்டது. தொடக் கூடாத பட்டியலில் கையெழுத்துப் போட்டவனுக்கு அது கிடைக்காது, கிடைக்கவும் கூடாது. கார் நிறுத்துமிடத்தைப் பார்த்த ஓர் அறைக்கு மாற்றியிருக்கிறார்கள். வருத்தப்பட முயற்சி செய்து பார்த்தேன், வரவில்லை. இருபது வருடத்தில் நான் எழுதியவற்றில் ஊர் ஜனங்கள் வாசித்துப் புரிந்துகொள்ளக் கூடியது இந்த ஏழு வரிதான். அதில் முக்கால்வாசி உன்னுடையது, போலிகார்ப்பியோவுடையது, செலெதோன் மனைவியுடையது.

1971-இல் சங்கக் கூட்டத்தில், நான் படித்து முடிக்கும்வரை என் பங்குத் தூரை ஊரே வாரும் என்று தீர்மானம் போட்டார்கள். படித்து முடித்து இத்தனை வருடமாகியும் யாரும் அந்தத் தீர்மானத்தை ரத்து செய்யவில்லை. நானும் நினைவுபடுத்தவில்லை. நன்றி என்று ஒருமுறைகூட எழுதியதில்லை. இப்போது எழுதுகிறேன். கூட்டத்தில் படித்துக் காட்டு.

திருத்திய படிவம் மார்ச்சில் வரும். கேள்வியை இந்த முறை ஒழுங்காக எழுதியிருக்கிறேனா என்று பார்த்துச் சொல்.

எஃப்ராயின்


லோஸ் ஓல்மோஸ்
1998 மார்ச் 9

அன்புத் தம்பிக்கு,

உன் கடிதத்தைக் கூட்டத்தில் படித்தேன். எமெரென்சியானா கண்ணைத் துடைத்துக்கொண்டு, "கையெழுத்து வால் இன்னும் அப்படியேதான் இருக்குதாடி?" என்று கேட்டாள். அப்படியேதான் இருக்கிறது என்றேன்.

படிவம் வந்தது. முதல் கேள்வி, "பயன்படுத்தினீர்களா?" அதற்குக் கீழே புதிய கேள்வி: "யாருக்காவது கொடுத்தீர்களா? யாருக்கு? எவ்வளவு காலம்?" நல்ல கேள்வி. நூற்றுக்குத் தொண்ணூறு போடுகிறேன். பத்து மதிப்பெண் குறைத்ததற்குக் காரணம், பதில் எழுத விட்ட கோடு போதவில்லை. நான் தனித்தாள் இணைக்க வேண்டியதாகிவிட்டது.

தாளில் மான்சனாருக்கு விட்ட வருடங்களைப் போலிகார்ப்பியோவின் பெயரோடு எழுதினேன். கையெழுத்துப் போடும் முன் ஊராருக்கு வாசித்துக் காட்டினேன். ஃபாவியோ எழுந்து ஒன்று விட்டுப்போய்விட்டது என்றான். என்ன என்று கேட்டேன். சொன்னான். எல்லாரும் கை தூக்கினார்கள். ஆகவே கடைசி வரி சங்கத்தின் ஏகமனதான தீர்மானம், அலுவலகம் அதை அடிக்க முடியாது:

"மாநில நீர் அலுவலகத்துக்கு, ஒரு வழக்கறிஞர், 1971 முதல் இன்றுவரை. புதிய விதியின்படி, கொடுத்தவர்களிடமே உரிமை நிற்கிறது."

தூர் வாருவது இருபத்தெட்டாம் தேதி, சனிக்கிழமை, காலை ஏழு மணிக்கு. உன் பங்கு பாலத்திலிருந்து எமெரென்சியானா வீட்டு வேலி வரை. மண்வெட்டிக் காம்பு நம்மிடம் மூன்று இருக்கிறது.

உன் அக்கா
ஒட்டிலியா